‘நீ வாயை மட்டும் அசை!’

(சென்னை அயனாவரத்தில் 2009 முதல் பிள்ளைகளின் சேர்ந்திசைக் குழு ஒன்றை நடத்திவரும் ஓய்வுபெற்ற பாட்டு டீச்சர், வாசகர் கேள்விகளுக்குப் பதில் சொல்கிறார்.)

கேள்வி: என் மகள் நாலாம் வகுப்பு படிக்கிறாள். பள்ளி ஆண்டு விழாப் பாட்டில் சேர்த்துக்கொண்டார்கள். ஒத்திகையின்போது, ‘நீ சத்தம் வராமல் வாயை மட்டும் அசை’ என்று சொல்லிவிட்டார்களாம். அன்றிலிருந்து வீட்டில்கூடப் பாடுவதில்லை. அவளுக்கு நிஜமாகவே பாட்டு வராதா?
– ஒரு தாய், விருதுநகர்

பதில்: முதலில் என் குற்றத்தை ஒப்புக்கொள்கிறேன். இதே வார்த்தையை நானும் சொல்லியிருக்கிறேன். 1994, மாவட்ட அளவிலான குழுப்பாட்டுப் போட்டி. இரண்டாவது வரிசையில் நின்ற ஒரு பெண் மட்டும் கீழே கீழே இழுத்துக்கொண்டிருந்தாள். போட்டிக்கு நாலு நாள்தான் இருந்தது. ‘நீ வாயை மட்டும் அசைம்மா’ என்றேன். பரிசு வாங்கினோம். இருபது வருஷம் கழித்து ஒரு ஞாயிற்றுக்கிழமை, தன் மகனைக் கூட்டிக்கொண்டு அவள் வந்தாள். ‘நீயும் உள்ளே வந்து உட்காரேன், பாட்டு கேட்கலாம்’ என்றேன். ‘எனக்குத்தான் பாட்டு வராதே டீச்சர், நீங்கதானே சொன்னீங்க’ என்றாள் சிரித்துக்கொண்டே. கோபமே இல்லை. ரேஷன் கார்டில் பெயர் இருப்பது மாதிரி, அவளுக்கு அது ஒரு தகவல். அவ்வளவுதான்.

பிறவியிலேயே சுருதி பிரித்தறிய முடியாதவர்கள் உண்டு; ஆனால் மிகச் சிலரே. உங்கள் மகள் அதில் ஒருத்தியாக இருக்க வாய்ப்பில்லை என்று இங்கிருந்தே சொல்வேன். சுருதி சேராமல் பாடும் பிள்ளைகளில் அநேகம் பேர், பேசுகிற குரலிலேயே பாடுகிறவர்கள். பேச்சுக் குரல் கீழே இருக்கும், பாட்டு மேலே இருக்கும். நடுவில் ஏறுவதற்கு ஒரு படிக்கட்டு இருக்கிறது என்பதே அவர்களுக்குத் தெரியாது.

எங்கள் பக்கத்தில் ரயில்வே பட்டறைச் சங்கு ஊதும். அடியிலிருந்து வழுக்கிக்கொண்டே ஏறி, மேலே போய் நின்று, மறுபடி இறங்கும். பயிற்சி தொடங்கும்போது பிள்ளைகள் எல்லாரும் சங்கு மாதிரி ‘ஊ’ என்று ஊத வேண்டும். அந்தப் பெண்ணின் மகன் இருக்கிறானே, பாட்டென்றால் ஒரே சுரத்தில் உறுமுவான். சங்கு என்றதும் கூரையைத் தொட்டுவிட்டு வந்தான்! அந்த மேல் குரல் அவனிடம் முன்பே இருந்தது, பாட்டுக்கு அதை எடுக்கலாம் என்பது தெரியவில்லை. பிறகு ஒரு வேலை செய்தேன். அவன் எந்தச் சுரத்தில் உறுமுகிறானோ, அந்தச் சுரத்துக்கு மற்ற எல்லாரையும் இறங்கி வரச் சொன்னேன். பதினெட்டுப் பிள்ளைகள் அவன் சுரத்தைப் பிடித்தார்கள். பக்கத்துக் குரலும் தன் குரலும் ஒன்றானால் காதுக்குள் எப்படி இருக்கும் என்று அன்றைக்குத்தான் அவன் கேட்டான். அங்கிருந்து அரைக் கட்டை அரைக் கட்டையாக (கட்டை என்பது சுருதியின் உயரத்தைச் சொல்லும் அளவு) எல்லாருமாக ஏறினோம். ஏழு மாதம் ஆயிற்று.

வீட்டில் நீங்கள் செய்ய வேண்டியது இதுதான். அவள் முணுமுணுக்கும்போது நீங்கள் அவள் சுருதிக்குப் போங்கள். பள்ளிக்கூடத்தோடு சண்டை வேண்டாம். ஆனால் டீச்சரிடம் ஒருமுறை தன்மையாகச் சொல்லிப் பாருங்கள். எனக்கு அன்று யாராவது சொல்லியிருந்தால் கேட்டிருப்பேன் என்றுதான் நினைக்கிறேன்.

கேள்வி: ஏழு பிள்ளைகளோடு தொடங்கிய உங்கள் குழுவில் இப்போது அறுபதுக்கும் மேல் என்று கேள்விப்பட்டேன். எப்படி வளர்த்தீர்கள்?
– ஒரு வாசகர், திருவண்ணாமலை

பதில்: இன்றைய கணக்கு 64. ஆனால் நேராக ஏறிய கணக்கில்லை இது.

ஓய்வு பெற்ற மறு வருஷம், குடியிருப்புச் சங்கத்தில் கேட்டு, தண்ணீர்த் தொட்டிக்குக் கீழே இருக்கும் கூடத்தை ஞாயிறு மாலைகளுக்கு வாங்கினேன். ஏழு பேர் பதினாலு ஆனார்கள். உடனே எனக்குத் தலைகால் புரியவில்லை. ‘நல்ல குரல்’ மட்டும் போதும் என்று ஒரு தேர்வு வைத்தேன். எட்டுப் பேரைத் தேர்ந்தெடுத்தேன். அடுத்த ஞாயிறு வந்தது ஐந்து பேர்! அண்ணனை எடுத்துத் தங்கையை விட்டால் அண்ணனும் வர மாட்டான், அவன் சிநேகிதனும் வர மாட்டான். இதெல்லாம் முப்பது வருஷம் வாத்தியாராக இருந்தவளுக்குத் தெரிந்திருக்க வேண்டாமா?

வீடு வீடாகப் போய்க் கூப்பிட்டேன். கீழ்வீட்டு ஆயா ஒருத்தர், ‘பாட்டு வர்ற பசங்களுக்கு நீ எதுக்கும்மா? வராததுக்குத்தானே டீச்சரு?’ என்றார். என் பி.எட். வகுப்பில் இவ்வளவு சுருக்கமாக யாரும் சொல்லித் தந்ததில்லை. அதோடு தேர்வு போயிற்று. ஐந்து வயது நிரம்பியிருந்தால் போதும், உள்ளே வரலாம்.

அதற்குப் பிறகு நான் செய்ததில் உருப்படியானது உட்காரவைத்த விதம் என்பேன். பெரிய பெண் ஒருத்தி, பக்கத்தில் சிறிசு ஒன்று. நிதானமான காது ஒன்று, பக்கத்தில் தடுமாறும் காது ஒன்று. சிறிசுகள் என்னிடம் கற்றதைவிடப் பக்கத்துத் தோளில் கற்றதே அதிகம். ஒரு விதி மட்டும் உண்டு: பக்கத்தில் இருப்பவர் குரல் உன் காதில் விழாவிட்டால் நீ அதிகமாகக் கத்துகிறாய் என்று அர்த்தம். எங்கள் பிள்ளைகள் பிறந்ததிலிருந்து ரயிலுக்கும் ஷேர் ஆட்டோவுக்கும் மேலே பேசிப் பழகியவர்கள். குரலைத் தணிக்கப் பழக்குவதற்கே முதல் வருஷம் சரியாகப் போய்விடும்.

2020இல் கூடம் பூட்டப்பட்டபோது 48 பேர் இருந்தார்கள். செல்போனில் நடத்தினோம். போனில் சேர்ந்து பாடவே முடியாது. ஒவ்வொருவர் குரலும் ஒவ்வொரு நொடித் துணுக்கு தாமதித்து வருவதால் எல்லாம் கஞ்சியாகிவிடும். எல்லார் மைக்கையும் அணைத்துவிட்டு, நான் பாட, அவரவர் வீட்டில் தனியாகப் பாடினார்கள். அதற்குப் பெயர் சேர்ந்திசையா? கூடம் திறந்தபோது திரும்பி வந்தவர்கள் 19 பேர். மற்றவர்களில் சிலருக்குக் குரல் உடைந்திருந்தது, சிலர் பத்தாம் வகுப்புக்குப் போயிருந்தார்கள், இரண்டு குடும்பம் ஊருக்கே போய்விட்டது. மறுபடி சங்கு ஊதத் தொடங்கினோம்.

கேள்வி: தமிழில் இப்படிக் கூட்டாகப் பாடுவதை யார் தொடங்கினார்கள்?
– கல்லூரி மாணவி, சேலம்

பதில்: கூட்டாகப் பாடுவது நமக்குப் புதிதில்லை. நாற்று நடும்போதும் பஜனையிலும் பாடினோம். ஆனால் அங்கே எல்லாரும் ஒரே மெட்டு. தேவாலயங்களில் நாலு குரலாகப் பிரித்துப் பாடும் பழக்கம் வேரூன்றியிருந்தது. திருநெல்வேலிப் பக்கத்துக்காரர்களைக் கேட்டால் விடிய விடியச் சொல்வார்கள். அந்தப் பல குரல் முறையைப் பாரதி பாட்டுக்கும் நாட்டுப்புற மெட்டுக்கும் கொண்டுவந்து, ‘சேர்ந்திசை’ என்றாலே நினைவுக்கு வருகிறவர் எம்.பி.சீனிவாசன். 1925இல் பிறந்தவர். இடதுசாரி இயக்கத்திலிருந்து வந்தவர். தமிழில் ‘பாதை தெரியுது பார்’ படத்துக்கு 1960இல் இசையமைத்தார். யேசுதாஸ் சினிமாவுக்கு முதன்முதலில் பாடியது இவர் இசையில்தான். மலையாளப் படம், ஒலிப்பதிவு 1961இல். சினிமா வாத்தியக் கலைஞர்களுக்குச் சங்கம் கட்டியதிலும் முன்னின்றவர்.

1970களின் தொடக்கத்தில் மெட்ராஸ் யூத் கொயர் குழுவை உருவாக்கினார். மேதைகளைத் தேடவில்லை, ஆபீஸ் போகிறவர்கள், படிக்கிறவர்கள், இப்படிப்பட்ட சாதாரணக் குரல்கள்தான். பள்ளிப் பிள்ளைகளுக்கு இந்தியாவின் பல மொழிப் பாட்டுகளைச் சேர்ந்து பாடக் கற்றுக்கொடுப்பதில் பிற்காலத்தில் நிறைய நேரம் செலவிட்டார். 1988 மார்ச்சில் லட்சத்தீவில், சேர்ந்திசைக்காகப் போன இடத்தில் காலமானார். நான் அவரை நேரில் பார்த்ததில்லை. ரேடியோவில் கேட்டிருக்கிறேன். என் அம்மா அரிசி புடைத்துக்கொண்டிருந்தவள், ‘எத்தனை பேர் பாடறாங்கடி?’ என்று முறத்தோடு வந்து நின்றது ஞாபகம் இருக்கிறது.

கேள்வி: நம் சங்கீதம் கமகத்தில் இருக்கிறது. பல குரலாகப் பிரித்தால் அது கெட்டுப்போகாதா?
– இசை ரசிகர், கும்பகோணம்

பதில்: கெடும். கமகம் என்றால் சுரத்தை அசைத்துப் பாடுவது. அது நிறைந்த தோடி ராகத்தை நாலு குரலாகப் பிரிக்க நான் முயல மாட்டேன். அசைந்துகொண்டே இருக்கும் சுரத்தின் மேல் இன்னொரு அசையும் சுரத்தை அடுக்கினால் இரண்டும் முட்டிக்கொள்ளும். ஆனால் அசையாத மெட்டுகளும் நம்மிடம் உண்டே! முத்துசுவாமி தீட்சிதர் இளவயதில் மணலியில் இருந்தார். எங்கள் அயனாவரத்துக்குப் பெரிய தூரமில்லை. கும்பெனியாரின் (கிழக்கிந்தியக் கம்பெனி வெள்ளைக்காரர்களின்) பேண்டு வாத்திய மெட்டுகளைக் கேட்டு, அவற்றுக்குச் சாகித்தியம், அதாவது பாட்டு வரிகள், செய்தார். நோட்டுஸ்வரம் என்று கற்றிருப்பீர்கள். நாற்பது வரை கிடைக்கின்றன. சங்கராபரண ராகத்தின் சுரங்கள், கமகம் இல்லை, பிள்ளைகளின் மூச்சுக்கு ஏற்ற சின்ன அடிகள். சங்கீத மும்மூர்த்திகளில் ஒருவருக்கே அது கௌரவக் குறைச்சலாகப் படவில்லை, நமக்கென்ன?

நாங்கள் போகும் வழி இது: முதலில் ஒரே குரல். அது சேர்ந்த பிறகு, பாதிப் பேர் தம்புரா மாதிரி ‘ச’வை மட்டும் பிடிக்க, மற்றவர்கள் பாடுவார்கள். அடுத்து, ஒரு அணி தொடங்கி இரண்டு தாளம் கழித்து இன்னொரு அணி அதே பாட்டைத் தொடங்கும், ஓட்டப்பந்தயத்தில் பின்னால் விட்டது போல. இரண்டு குரலாகப் பிரிப்பதெல்லாம் அதற்கும் அப்புறம். முதல்முறை அந்தத் துரத்தல் பாட்டு அறுந்துபோகாமல் முடிவு வரை நின்றது 2013இல்தான். தொடங்கி நாலு வருஷம். அன்று மேடையும் இல்லை, கேட்க ஆளும் இல்லை. வாட்ச்மேன் மட்டும் நின்றிருந்தார், கூடத்தைப் பூட்ட.

கேள்வி: நாங்கள் டீச்சர்கள் பாடுவதைப் பார்த்துத்தான் பிள்ளைகளும் பாடுகிறார்கள். ஆனால் உறுமல்தான் வருகிறது. என்ன செய்ய?
– ஆசிரியை, தருமபுரி

பதில்: சுருதியை யார் தொண்டைக்கு வைத்தீர்கள்? உங்கள் தொண்டைக்கு! நமக்குச் சௌகரியமான 5 கட்டையில் கீழ் சுரங்களுக்குப் பிள்ளைகளின் குரல் இறங்காது. ‘ச’வுக்குக் கீழே போகாத பாட்டென்றால் 6 கட்டைக்கு மேலே வையுங்கள், கீழே போகும் பாட்டென்றால் இன்னும் ஏற்றுங்கள். உங்களுக்கு எட்டவில்லை என்றால் நீங்கள் பாடாதீர்கள், ஆர்மோனியம் பாடட்டும்.

கேள்வி: எங்கள் அடுக்ககத்தில் தொடங்க ஆசை. தேர்வு வைக்கக் கூடாது என்கிறீர்கள். அப்படியானால் தரம் எப்படி வரும்? கட்டணம் எவ்வளவு வைக்கலாம்?
– சங்கச் செயலாளர், கோயம்புத்தூர்

பதில்: அமெரிக்காவில் சிகாகோ நகரத்துக் கதையைச் சொல்கிறேன். 1956இல் ஹைட் பார்க் பகுதியில் ஒரு தேவாலயத்தில், கிறிஸ்டஃபர் மூர் என்ற பாதிரியார் பிள்ளைகள் குழு ஒன்றைத் தொடங்கினார். கறுப்பினப் பிள்ளையும் வெள்ளைக்காரப் பிள்ளையும் தோளோடு தோள் நின்று பாட வேண்டும் என்பது அவர் நோக்கம். அந்த ஊரில் அன்று அது சாதாரணக் காரியமில்லை. இன்று ஆயிரக்கணக்கான பிள்ளைகள் அதில் பாடுகிறார்கள். பெயரைக்கூட ‘யுனைட்டிங் வாய்சஸ் சிகாகோ’ என்று மாற்றிக்கொண்டார்கள். எனக்குப் பிடித்தது அதன் அமைப்பு. அடியில் பள்ளிகளுக்குள்ளேயே குழுக்கள், வட்டாரத்துக்கு வட்டாரம் குழுக்கள். தேர்ந்தெடுத்த பிள்ளைகள் வெளிநாடுகளுக்குப் போய்ப் பாடுவது அதற்கு மேலே. அடி அகலமாக இருப்பதால் நுனி தாங்குகிறது. நீங்கள் நுனியிலிருந்து தொடங்கப் பார்க்கிறீர்கள்.

கட்டணம்: நாங்கள் மாதம் 50 ரூபாய் வாங்குகிறோம், முடிந்தவர்களிடம். உண்டியலில் போட வேண்டும். யார் போட்டார், யார் போடவில்லை என்று எனக்கே தெரியாது. அதில்தான் சுருதிப் பெட்டி வாங்கினோம், மின்விசிறி வாங்கினோம். சீருடை கிடையாது. ‘ஏதாவது வெள்ளைச் சட்டை’ என்போம். ஒருவன் கிரிக்கெட் பனியனில் வந்தான், வெள்ளைதானே!

கேள்வி: என் பையனுக்குப் பதின்மூன்று. குரல் உடைகிறது. பாட்டை நிறுத்திவிடலாமா?
– ஒரு தந்தை, நாகர்கோவில்

பதில்: வேண்டாம். சின்ன எல்லைக்குள், மெதுவாகப் பாடட்டும். உச்சத்துக்கு மட்டும் இழுக்க வேண்டாம். எங்கள் குழுவில் அப்படிப்பட்டவர்களுக்குத்தான் அந்தத் ‘தம்புரா’ வேலை. கொஞ்ச காலத்தில் புதுக் குரலோடு கம்பீரமாகத் திரும்புவார்கள், தலைக்கனத்தோடும்.

கேள்வி: உங்கள் குழு இதுவரை எத்தனை பரிசு வாங்கியிருக்கிறது?
– ஒரு வாசகர், மதுரை

பதில்: இரண்டு. ஒரு கோப்பையில் பென்சில் வைத்திருக்கிறோம். இன்னொன்றை எங்கே வைத்தேன் என்று தேடிக்கொண்டிருக்கிறேன்.

கேள்வி: பாடும் பிள்ளைகளுக்குத் தொண்டைக்கு என்ன கொடுக்கலாம்? பனங்கற்கண்டா, அதிமதுரமா?
– இல்லத்தரசி, தஞ்சாவூர்

பதில்: தண்ணீர். நாலு மணிப் பயிற்சிக்கு மூன்றே முக்காலுக்கு பஜ்ஜி கொடுத்து அனுப்பாமல் இருந்தாலே பெரிய உபகாரம்.