அந்த 2019 ஆணை எங்கே இருக்கிறது?

கேள்வி: அரசு உதவி பெறும் கல்லூரி ஒன்றில் 2008-ல் தொகுப்பூதியத்தில் சேர்ந்தேன். முனைவர் பட்டம் பெற்றவள். 2014-ல் ஒப்பளிக்கப்பட்ட பணியிடத்தில் நியமித்து, ஒப்புதலும் வந்தது. முதல் 6 ஆண்டுகளையும் சேர்த்துப் பதவி உயர்வு கேட்டதைக் கல்லூரிக் கல்வி இணை இயக்குநர் 2019-ல் மறுத்துவிட்டார். அதன்பின் 7 மனுக்கள் அனுப்பியும் பதில் இல்லை. எனக்குப் பின்னால் வந்தவர் மேலே போய்விட்டார். கல்லூரி முதல்வர் எல்லார் முன்னாலும் ஏளனமாகப் பேசுகிறார். 2014-லிருந்து கணக்கிட்டு விண்ணப்பிக்கச் சொல்கிறார்கள். அது பழைய ஆண்டுகளை விட்டுக்கொடுத்ததாகிவிடும் என்பதால் போடவில்லை. ஜக்கோ தீர்ப்பை வைத்து வழக்குப் போடலாமா?

பதில்: அம்மா, முதல்வர் பேசியது உங்களைக் காயப்படுத்தியிருக்கும். ஆனால் உயர் நீதிமன்றத்தில் அரசு ஆணையை எதிர்த்துப் போடும் ரிட் மனுவில் அதற்கு ஒரு வரிகூட வேண்டாம். ஜக்கோ தீர்ப்பும் வேண்டாம். 2024 டிசம்பரில் உச்ச நீதிமன்றத்திலிருந்து வந்த அந்தத் தீர்ப்பு, பல ஆண்டு தற்காலிகமாக உழைத்தவர்களைப் பணிவரன்முறை செய்வது, அதாவது நிரந்தரமாக்குவது பற்றியது. உங்களுக்கு அது 2014-லேயே கிடைத்துவிட்டது.

உங்கள் வழக்கில் எடுபடும் ஒரே காகிதம், இணை இயக்குநர் உங்கள் கோரிக்கையை மறுத்த 2019 செயல்முறை ஆணைதான். நீங்கள் அனுப்பிய ஆவணங்களில் 7 மனுக்களும் ஒப்புகை அட்டைகளோடு வரிசையாக இருக்கின்றன. அந்த ஆணையை மட்டும் காணோம். அதை ரத்து செய்யக் கோராமல் வேறு எதைக் கேட்டாலும் நீதிமன்றம் கொடுக்காது.

நான் பயப்படுவது அந்த 7 மனுக்களைப் பார்த்துத்தான். மனு அனுப்பிக்கொண்டே இருந்தால் உரிமை உயிரோடு இருக்கும் என்று படித்தவர்களே நம்புகிறார்கள். என்னிடம் வந்த ஒரு வேதியியல் விரிவுரையாளர் 9 ஆண்டுகள் இப்படியே அனுப்பினார். பிறகு அவசரமாக ஒரு ரிட் போட்டு, ‘12 வாரத்தில் பரிசீலித்து முடிவெடுக்க வேண்டும்’ என்ற உத்தரவு வாங்கினார். வீட்டில் இனிப்பெல்லாம் கொடுத்தார்கள். அலுவலகம் பரிசீலித்தது, மறுபடி மறுத்தது. அந்த மறுப்பை எதிர்த்துப் போனபோது, மூலக் கோரிக்கையே காலாவதியானது என்று தள்ளுபடி ஆனது. பரிசீலனை உத்தரவும் அதன்பேரில் வரும் பதிலும் செத்த கோரிக்கைக்கு உயிர் தராது என்று சி. ஜேக்கப் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2008-லேயே சொல்லிவிட்டது. ஆகவே யாராவது ‘முதலில் ஒரு பரிசீலனை உத்தரவு வாங்கிவிடலாம், சுலபம்’ என்றால் சம்மதிக்காதீர்கள்.

சரி, தாமதத்தை மன்னித்தார்கள் என்றே வைத்துக்கொள்வோம். பல்கலைக்கழக மானியக் குழுவின் 2018 விதிமுறைகளில் தற்காலிகப் பணிக்காலத்தைச் சேர்க்க நிபந்தனைகள் உண்டு. உரிய கல்வித் தகுதி உங்களிடம் இருந்தது. முறையான தேர்வுக் குழு தேர்ந்தெடுத்ததா என்பதற்கு நியமனக் கடிதத்தில் ஒரு சொல் இல்லை. கல்லூரிக் கோப்பைத் தேட வேண்டும். மூன்றாவது நிபந்தனைதான் இடிக்கிறது: அப்போது வாங்கிய மொத்த ஊதியம், நிரந்தர உதவிப் பேராசிரியரின் மொத்த மாத ஊதியத்துக்குக் குறையாமல் இருந்திருக்க வேண்டும். தொகுப்பூதியத்தில் அது எப்படி முடியும்? குறைவாகக் கொடுத்ததையே காரணம் காட்டி ஆண்டுகளையும் பறிப்பது அநியாயம் என்று நானே வாதாடியிருக்கிறேன், இன்னும் வாதாடுவேன். ஆனால் அதை நம்பி இன்று கையில் இருப்பதை இழக்காதீர்கள்.

அதைத்தான் நீங்கள் இழந்துகொண்டிருக்கிறீர்கள். முனைவர் பட்டம் உள்ளவருக்கு முதல் உயர்வு 4 ஆண்டில், அடுத்தது 5 ஆண்டில், அங்கிருந்து 3 ஆண்டில் இணைப் பேராசிரியர் நிலை. ஒரு படி ஏறாமல் அடுத்த படிக்கு விண்ணப்பிக்க முடியாது. 2014-லிருந்து எண்ணினாலே பயிற்சி முதலிய தகுதிகளோடு 2018-ல் ஒன்று, 2023-ல் ஒன்று வந்திருக்கும். இது காலிப் பணியிடத்துக்குக் காத்திருக்கும் உயர்வும் இல்லை. உங்களுக்குப் பின் வந்தவர் பெரும்பாலும் விண்ணப்பித்துத்தான் மேலே போயிருப்பார். நீங்கள் 6 ஆண்டுக்காக அதன்பின் வந்த ஆண்டுகளையெல்லாம் பிணையாக வைத்திருக்கிறீர்கள்.

இந்த வாரமே 2014 கணக்கில் விண்ணப்பத்தைக் கொடுங்கள். முகப்புக் கடிதத்தில் ‘2008 முதல் 2014 வரையிலான பணிக்காலம் குறித்த என் உரிமைக்குப் பாதகமின்றி இதைச் சமர்ப்பிக்கிறேன்’ என்று எழுதி, நகலில் தேதியோடு முத்திரை வாங்கிக்கொள்ளுங்கள். ‘இனி எந்தக் கோரிக்கையும் இல்லை’ என்றோ, ‘கூடுதலாகப் பெற்றது தெரிந்தால் திருப்பித் தருவேன்’ என்றோ உறுதிமொழி நீட்டினால் என்னைக் கேட்காமல் கையெழுத்துப் போடாதீர்கள். பின்னாளில் பிடித்தம் செய்ய வரும்போது அந்த ஒரு தாளைத்தான் காட்டுவார்கள்.

பழைய 6 ஆண்டுகளுக்குத் தனியாக, 2019 ஆணையை எதிர்த்து ரிட் போடலாம். நிலுவைத் தொகையை முழுவதும் எதிர்பார்க்க வேண்டாம். மாதாமாதம் ஊதியத்தில் தொடரும் பாதிப்பு என்று நீதிமன்றம் ஏற்றாலும் வழக்கமாக மனுவுக்கு முந்தைய 3 ஆண்டுக்கு மேல் தருவதில்லை. ‘நிலுவை வேண்டாம், அந்த ஆண்டுகளைக் கருத்தியலாக, அதாவது கணக்கில் மட்டும் சேர்த்து ஊதியத்தை நிர்ணயித்தால் போதும்’ என்று சொல்ல உங்களுக்கு மனம் வந்தால், அரசுத் தரப்போடு பேசவும் வழி இருக்கிறது. எனக்கு விட்டால் அதைத்தான் செய்வேன்.

ஆணையின் நகல் கைவசம் இல்லையென்றால் இணை இயக்குநர் அலுவலகத்தில் தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். அது உங்கள் கைக்கு வந்த தேதியைக் கல்லூரித் தபால் பதிவேட்டில் பார்த்து எனக்கு எழுதுங்கள்.