வாடகை பாக்கிக்காக வீட்டைக் காலி செய்யச் சொன்னால்: கேள்வி பதில்

பதில்கள் தமிழ்நாட்டு நிலவரத்துக்கானவை. 1960ஆம் ஆண்டின் வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் போய், 2017இல் இயற்றிய புதிய வாடகைச் சட்டம் 2019 பிப்ரவரி 22 முதல் நடப்பில் இருக்கிறது. பழைய சட்டத்தில் ஏற்கெனவே தொடுத்த வழக்குகள் மட்டும் பழையபடியே நடக்கின்றன.

மாத வாடகை 12,000. மூன்று மாதம் பாக்கி. ஓனர் வக்கீல் நோட்டீஸ் விட்டிருக்கிறார். உடனே காலி செய்ய வேண்டுமா?

வேண்டாம். காலி செய்யச் சொல்லும் அதிகாரம் வாடகை நீதிமன்றத்துக்குத்தான் உண்டு. இரண்டு மாத வாடகை நிலுவையில் இருந்து, அதைக் கேட்டு நோட்டீஸ் வந்து, கையில் கிடைத்த ஒரு மாதத்துக்குள் நீங்கள் கட்டவில்லை என்றால்தான் பிரிவு 21(2)(b)இன்படி ஓனருக்கு வழக்கே பிறக்கும். ஜூன் 3இல் நோட்டீஸ் வாங்கினீர்கள் என்றால் ஜூலை 3 உங்கள் கெடு. கடைசி நாளை நம்பாதீர்கள். வங்கி சர்வர் அன்றைக்குத்தான் படுத்துக்கொள்ளும்.

பலரும் சறுக்கும் இடம் ஒன்று உண்டு. 36,000 பாக்கிக்கு 30,000 போட்டுவிட்டு ‘மீதி அடுத்த மாதம்’ என்பார்கள். சட்டம் கேட்பது முழு நிலுவை; ஒப்பந்தப்படி தாமத வட்டியும் பிற கட்டணங்களும் இருந்தால் அவற்றையும் சேர்த்து. தொகையில் தகராறு இருந்தாலும் முழுவதையும் கட்டிவிட்டு, ‘ஆட்சேபணையுடன் செலுத்துகிறேன்’ என்று பதில் நோட்டீஸில் கணக்கைக் காட்டுங்கள். கூடுதலாகப் போன பணத்தைப் பிறகு கேட்டு வாங்கலாம், போன வீட்டை வாங்க முடியாது. நோட்டீஸுக்குப் பிறகு கட்டி வழக்கிலிருந்து தப்பும் இந்தச் சலுகையை ஒருமுறை பயன்படுத்திய பிறகு, ஏதாவது ஒரு வருடத்தில் தொடர்ந்து இரண்டு மாதம் தவறினால் அது மறுபடி கிடைக்காது.

பத்து மாத அட்வான்ஸ் அவரிடம் இருக்கிறது. பாக்கியை அதில் கழித்துக்கொள்ளச் சொல்லலாமா?

சொல்லலாம், அவர் எழுத்தில் ஒப்புக்கொண்டால். வாயால் ‘சரி, பார்த்துக்கலாம்’ என்றது கோர்ட்டில் நிற்காது. பழைய சட்டத்தில் ஒரு மாத வாடகைக்கு மேல் அட்வான்ஸ் வாங்கவே கூடாது. அதனால் கூடுதல் தொகையைக் கையில் வைத்துக்கொண்டே ‘பாக்கி’ என்று வழக்குப் போட்ட ஓனர்கள் உச்ச நீதிமன்றம் வரை போய்த் தோற்றதுண்டு. அந்தத் தீர்ப்புகளை இன்றைய ஒப்பந்தத்துக்கு அப்படியே பொருத்தாதீர்கள். புதிய சட்டம் மூன்று மாத வாடகையை வரம்பாகச் சொன்னாலும், ஒப்பந்தத்தில் வேறு மாதிரி எழுதிக்கொள்ள இடம் விட்டிருக்கிறது.

ஓனர் வாடகையை வாங்க மறுக்கிறார். ‘பாக்கி’ என்று காட்டத்தான் இந்த வேலை என்று தோன்றுகிறது.

பழைய தந்திரம்தான். வங்கிக் கணக்கு எண் இருந்தால் அவர் சம்மதம் தேவையில்லை, போட்டுவிடுங்கள். கணக்கு எண் தெரியாவிட்டால் மணியார்டர். ஒன்றில் அனுப்பும் தொகைக்கு உச்ச வரம்பு உண்டு, ஆகவே உங்கள் வாடகைக்கு ஏற்ப இரண்டு மூன்றாகப் பிரித்து அனுப்புங்கள். ‘வாங்க மறுத்தார்’ என்று திரும்பி வந்தால் அந்தச் சீட்டும் அனுப்பிய ரசீதும் பொன். அவற்றோடு வாடகை ஆணைய அதிகாரியிடம் மனுக் கொடுத்து வாடகையை அங்கே டெபாசிட் செய்யலாம். துணை ஆட்சியர் பதவிக்குக் குறையாத அதிகாரி அவர். மாதா மாதம் விடாமல் செய்யுங்கள். நடுவில் ஒரு மாதம் விட்டால் ஓனர் காத்திருந்த ‘பாக்கி’யை நீங்களே கொடுத்த மாதிரி.

யுபிஐயில்தான் அனுப்புகிறேன். ரசீது வேண்டுமா?

வங்கிப் பதிவே சான்று. ஆனால் குறிப்புப் பெட்டியை வெறுமையாக விடாதீர்கள். ‘மே வாடகை’ என்று எழுதினால் ஓனர் அதை மே கணக்கில்தான் வரவு வைக்க வேண்டும். எதுவும் எழுதாவிட்டால், எந்தப் பழைய பாக்கிக்கு வைப்பது என்று அவரே முடிவு செய்ய ஒப்பந்தச் சட்டத்தின் பிரிவு 60 இடம் கொடுக்கிறது. ரொக்கமாகக் கொடுப்பவர்கள் கையெழுத்திட்ட ரசீது இல்லாமல் படி இறங்கக் கூடாது.

வாட்ஸ்அப்பில் ‘ஒரு மாதத்தில் பாக்கியைக் கட்டு’ என்று அனுப்பியிருக்கிறார். இது நோட்டீஸா?

நோட்டீஸ் சொத்து மாற்றுச் சட்டம் பிரிவு 106(4) சொல்லும் முறையில் வர வேண்டும்: எழுத்தில், கையெழுத்தோடு, தபாலில் அல்லது நேரில். நேரில் என்றால் வீட்டில் இருக்கும் குடும்பத்தாரிடமோ வேலையாளிடமோ கொடுத்தாலும் போதும். அதுவும் முடியாதபோது வீட்டுச் சுவரில் ஒட்டலாம். வாட்ஸ்அப் அந்த வரிசையில் இல்லை. ஆனாலும் சும்மா இருக்காதீர்கள், அடுத்து வருவது தபால்தான். தபால்காரரிடம் ‘வேண்டாம்’ என்று திருப்பி அனுப்புவது வெறும் வீம்பு. சரியான முகவரிக்கு வந்த தபாலை மறுத்தால், பெற்றுக்கொண்டதாகவே கோர்ட் எடுத்துக்கொள்ளும். உள்ளே என்ன இருந்தது என்று தெரியாமலே உங்கள் ஒரு மாதம் ஓடிவிடும்.

கரண்டையும் தண்ணீரையும் நிறுத்திவிட்டார். கதவில் வேறு பூட்டுப் போடுவேன் என்கிறார்.

பாக்கி இருந்தாலும் அவர் அதைச் செய்ய முடியாது. புதிய வாடகைச் சட்டத்தின் பிரிவு 20இன்படி வாடகை ஆணையத்தில் மனுக் கொடுத்து, உடனே இணைப்பைத் திரும்பத் தர இடைக்கால உத்தரவு கேளுங்கள். மீட்டர், அணைத்த சுவிட்ச், காலிக் குழாய் எல்லாவற்றையும் தேதி தெரியும்படி படம் எடுத்து மனுவோடு இணைத்துக் கொடுங்கள். பூட்டிவிட்டால் காவல் நிலையத்தில் எழுத்துப் புகார் கொடுத்து, அதைப் பெற்றுக்கொண்டதற்கான சி.எஸ்.ஆர். ரசீது வாங்குங்கள். ‘சிவில் மேட்டர்’ என்று அனுப்பப் பார்ப்பார்கள். வாடகைத் தகராறு சிவில்தான், ஆனால் நீங்கள் குடியிருக்கும் வீட்டுக்குள் உங்களைப் போகவிடாமல் தடுப்பது குற்றம். புகாரில் வாடகைக் கதையைச் சுருக்கி, பூட்டிய நாளையும் நேரத்தையும் முதல் வரியில் எழுதுங்கள்.

அக்ரிமெண்ட் பதினொரு மாதத்துக்குத்தானே, பதிவு செய்ய வேண்டாம் என்கிறார்கள்.

பழைய பழக்கத்தில் சொல்கிறார்கள். புதிய வாடகைச் சட்டத்தில் பதினொரு மாதமானாலும் எழுத்து ஒப்பந்தம் போட்டு, 90 நாளுக்குள் வாடகை ஆணையத்தில் பதிந்து எண் வாங்க வேண்டும். எழுத்து ஒப்பந்தம் இல்லாததே காலி செய்யக் கேட்க ஒரு தனிக் காரணம் என்பதால், வாடகையைச் சரியாகக் கட்டுபவரும் அதில் மாட்டுவார்.

ஐந்து வருட பாக்கி என்று கணக்கு காட்டுகிறார்.

வாடகை பாக்கிக்கு வழக்குப் போடக் காலவரம்பு மூன்று வருடம். அதற்கு முந்தையதை வசூலிக்க அவரால் வழக்குப் போட முடியாது. கவனம்: ‘பழைய பாக்கியும் தருகிறேன்’ என்று எதிலும் கையெழுத்துப் போட்டுவிடாதீர்கள்.

எங்கள் வீடு கிராம ஊராட்சியில். இதெல்லாம் பொருந்துமா?

புதிய வாடகைச் சட்டம் நகர்ப்புறப் பகுதிகளுக்கானது. உங்களுக்கு சொத்து மாற்றுச் சட்டமும் சிவில் கோர்ட்டும். பாக்கிக்காகக் குத்தகையை ரத்து செய்து வழக்குப் போட்டாலும், விசாரணையில் பாக்கி, வட்டி, வழக்குச் செலவு மூன்றையும் கட்டினால் பிரிவு 114இன்கீழ் நீதிமன்றம் உங்களைத் தொடர விடலாம். ‘விடலாம்’ என்பதால், முதல் வாய்தாவிலேயே பணத்தோடு போங்கள்.