கடைசி முப்பது பக்கத்தை முதலில் படியுங்கள்

வாசகர் கேள்வி – பதில்

மனக்காயம், மனச்சோர்வு, பதற்றம் இவற்றோடு போராடும் பதின்வயதினரைப் பற்றிய நாவல்கள் குறித்து வந்த கேள்விகளுக்குப் பள்ளி நூலகர்களும் குழந்தைகள் மனநல ஆலோசகர்களும் சேர்ந்து பதில் சொல்கிறார்கள்.

ஒன்பதாவது படிக்கும் என் மகளின் ஸ்கூல் பேக்கில் 'தர்ட்டீன் ரீசன்ஸ் ஒய்' இருந்தது. தற்கொலை பற்றிய கதையாமே! பிடுங்கி வைத்துவிடலாமா?
– ஒரு அம்மா, வேளச்சேரி

பிடுங்காதீர்கள். பிடுங்கினால் தோழியின் செல்போனில் படித்து முடிப்பாள். அப்போது பேச நீங்கள் பக்கத்தில் இருக்க மாட்டீர்கள். முதலில் நீங்கள் படியுங்கள். இரண்டு மூன்று இரவுகளில் முடிந்துவிடும்.

ஜே ஆஷர் எழுதி 2007இல் வந்த நாவல் அது. இறந்துபோன ஹன்னா என்ற மாணவி, தன் முடிவுக்கு யார் யார் காரணம் என்று ஏழு கேசட்டுகளில் பேசி வைத்துவிட்டுப் போகிறாள். உடன் படித்த க்ளே அதைக் கேட்கிறான். ஒரு வதந்தி, ஒரு கேலி, ஒரு நம்பிக்கைத் துரோகம் என்று சின்னச் சின்னதாகச் சேர்ந்து ஒரு பெண்ணை எப்படித் தனிமைப்படுத்துகின்றன என்பதை நாவல் நன்றாகவே காட்டுகிறது. பிள்ளைகள் தங்கள் வகுப்பறையை அதில் பார்ப்பதால்தான் கைமாறிக்கொண்டே இருக்கிறது.

கோளாறு வேறு இடத்தில். இறந்த பிறகும் ஹன்னாவின் குரல் கேட்டுக்கொண்டே இருக்கிறது. கடைசியில் எல்லோரும் அவள் சொல்வதைக் கேட்கிறார்கள். வாடிப்போயிருக்கும் ஒரு பிள்ளைக்கு 'செத்தால்தான் நம் பேச்சு எடுபடும்' என்று அது தோன்றிவிடக்கூடும். பழி ஆள் ஆளாகப் பிரித்துக் கொடுக்கப்படுகிறது. மனச்சோர்வு என்ற நோயைப் பற்றிய பேச்சு குறைவு. இதையெல்லாம்விட எங்களை அதிகம் உறுத்துவது, உதவி தேடி அவள் போகும் ஒரே பெரியவர் அவளைத் தடுத்து நிறுத்தாமல் அனுப்பிவிடுவது. 'சொல்லி என்ன ஆகப்போகிறது' என்ற முடிவுக்குப் பிள்ளை வந்துவிடும். 2017இல் தொடராக வந்தபோதும் இதே கவலை எழுந்தது. அவள் இறக்கும் காட்சியை 2019இல் நெட்ஃபிளிக்ஸ் வெட்டி எடுத்துவிட்டது.

ஆகவே பேச்சை அந்தப் பெரியவரிடமிருந்தே ஆரம்பியுங்கள். எதிரே உட்காரவைத்து வேண்டாம். ஸ்கூட்டியில் போகும்போது, கீரை ஆயும்போது, கண்ணுக்குக் கண் பார்க்காமல் பேசும் நேரம் நல்லது. "ஹன்னா கடைசியா அந்த சார்கிட்ட போனாளே, அவர் என்ன கேட்டிருக்கணும்?" கேட்டுவிட்டு வாயை மூடிக்கொள்ளுங்கள். அவள் யோசிக்க அரை நிமிஷம் ஆகும். அந்த அரை நிமிஷத்தைப் பெரும்பாலான பெற்றோர் அறிவுரையால் நிரப்பிவிடுகிறார்கள். பிறகு, "உனக்கு அப்படி ஒரு நாள் வந்தா யார்கிட்ட போவ?" என்று கேளுங்கள். இரண்டு பெயர் வர வேண்டும். அதில் உங்கள் பெயர் இல்லாவிட்டால் வருத்தப்படாதீர்கள். சித்தியோ பயாலஜி மிஸ்ஸோ இருந்தாலும் போதும்.

சந்தேகம் இருந்தால் நேராகவே கேளுங்கள்: "சாகணும்னு எப்பவாவது தோணிருக்கா?" கேட்பதால் அந்த எண்ணம் புதிதாக முளைத்துவிடாது. தூக்கமும் சாப்பாடும் மாறி, பிடித்த விஷயங்களையும் விட்டு ஒதுங்கியிருப்பது இரண்டு வாரத்துக்கு மேல் நீடித்தால் மருத்துவரைப் பாருங்கள். 'நான் இல்லாட்டி உங்களுக்கு நிம்மதி' என்கிறாள், ஆசையாக வைத்திருந்த பொருளைத் தோழிகளுக்குக் கொடுக்கிறாள் என்றால் அன்றைக்கே பாருங்கள்; அதுவரை தனியே விடாதீர்கள். 14416 என்ற டெலிமானஸ் (அரசின் இலவச மனநல உதவி) எண்ணில் 24 மணி நேரமும் தமிழில் பேசலாம். சென்னையில் 1986 முதல் இயங்கும் தற்கொலைத் தடுப்பு அமைப்பான சினேகாவின் எண் 044-24640050.

'ஸ்பீக்' நாவலைப் பாதி படித்தபோது கை நடுங்கியது. இரண்டு நாளாகத் தூக்கமில்லை. மற்றவர்கள் சாதாரணமாகப் படிக்கிறார்கள். நான் வீக்கா?
– ப்ளஸ் ஒன் மாணவி, பெரம்பூர்

இல்லம்மா. பாலியல் வன்முறைக்குப் பிறகு பேச்சையே இழந்துவிடும் மெலிண்டாவின் கதை அது. முன்பு நடந்த ஏதோ ஒன்றோடு அது உரசினால், மூளை அதைக் கதையாக எடுத்துக்கொள்ளாது. இப்போது நடப்பதாகவே எடுத்துக்கொண்டு உடம்பை எச்சரிக்கும். நடுக்கம், வியர்வை, தூக்கமின்மை எல்லாம் அந்த எச்சரிக்கைதான். எதுவும் நடக்காதவர்களுக்கும் சில நேரம் இப்படி வரும்.

புத்தகத்தை மூடிவிடு. முடித்தே ஆக வேண்டும் என்று யாரும் சொல்லவில்லை. இரண்டு பாதமும் தரையில் படும்படி உட்கார். கண்ணில் படும் ஐந்து பொருளின் பெயரைச் சத்தமாகச் சொல். பிறகு தொட முடிகிற நான்கு, காதில் விழுகிற மூன்று. மூச்சை இழுக்கும் நேரத்தைவிட விடும் நேரம் நீளமாக இருக்கட்டும். குளிர்ந்த தண்ணீரில் முகம் கழுவு. இனி ராத்திரி படுக்கையில் அந்தப் புத்தகம் வேண்டாம். மீண்டும் படிக்கத் தோன்றினால் பகலில், வீட்டில் ஆள் இருக்கும்போது, ஒரு நாளைக்குச் சில பக்கம் மட்டும்.

உனக்கும் யாராவது அப்படி எதையாவது செய்திருந்தால், அதில் உன் தவறு ஒன்றும் இல்லை. நம்புகிற ஒரு பெரியவரிடம் சொல். அவர் நம்பாவிட்டால் இன்னொருவரிடம் சொல். குழந்தைகள் உதவி எண்ணான 1098க்கு நீயே கூப்பிடலாம், கட்டணம் கிடையாது.

கடைசி அத்தியாயத்தில் எல்லாம் சரியாகிவிடும் கதைகள் சலித்துவிட்டன. சரியாகாமலே முடியும் நல்ல நாவல் உண்டா?
– கல்லூரி முதலாண்டு மாணவர், கொளத்தூர்

இரண்டு சொல்கிறோம். ஜான் கிரீனின் 'டர்ட்டில்ஸ் ஆல் தி வே டவுன்' (2017). கிருமி பற்றிய எண்ணச் சுழலில் சிக்கும் ஆஸா, விரலில் இருக்கும் பழைய காயத்தைத் திரும்பத் திரும்பக் கீறித் திறக்கிறாள். ஓசிடி (விடாமல் துரத்தும் எண்ணங்களும் அவற்றுக்காகத் திரும்பத் திரும்பச் செய்யும் செயல்களும் கொண்ட மனநோய்) என்றால் அடிக்கடி கை கழுவுவதும் பொருட்களை ஒழுங்காக அடுக்குவதும்தான் என்று நினைப்பவர்கள் இதைப் படிக்க வேண்டும். சிந்தனை எப்படித் தன் கையை மீறிப்போகிறது என்பதை வாக்கியங்களே சுழன்று காட்டுகின்றன. கிரீனுக்கே ஓசிடி உண்டு. கடைசிப் பக்கத்திலும் ஆஸாவுக்கு நோய் இருக்கிறது, வாழ்க்கையும் இருக்கிறது.

அடுத்தது அடீப் கோர்ரம் எழுதிய 'டேரியஸ் தி கிரேட் இஸ் நாட் ஓகே' (2018). டேரியஸும் அவன் அப்பாவும் மனச்சோர்வுக்கு மாத்திரை சாப்பிடுகிறார்கள். ரத்த அழுத்தத்துக்குச் சாப்பிடுவதுபோல அவ்வளவு சாதாரணமாக. ஈரானில் இருக்கும் தாத்தா பாட்டி வீட்டுக்குப் போகிறான். அங்கே இதை ஒரு நோயாக ஏற்கவே தயங்குகிறார்கள். 'உனக்கு என்ன குறைச்சல்' என்று கேட்கும் சொந்தக்காரர்கள் நமக்கும் இருப்பதால், மேற்கத்திய நாவல்களில் இது நம் வீட்டுக்கு மிகப் பக்கத்தில் நிற்கிறது.

பள்ளி நூலகத்துக்கு இப்படிப்பட்ட நாவல்கள் வாங்க ஆசை. பெற்றோர் சண்டைக்கு வருவார்கள் என்று பயப்படுகிறார் தலைமை ஆசிரியர். எதைப் பார்த்துத் தேர்வு செய்வது?
– பள்ளி நூலகர், தாம்பரம்

கடைசி முப்பது பக்கத்தை முதலில் படியுங்கள். நாவல் எவ்வளவு இருட்டானது என்பதைவிட, இருட்டில் அந்தப் பிள்ளையின் பக்கத்தில் யார் வந்து நிற்கிறார்கள் என்பதுதான் கணக்கு. அம்மா, ஆசிரியர், மருத்துவர், நண்பன், யாராக இருந்தாலும் சரி. வருவது ஒரு காதலன் மட்டும், அவன் வந்ததும் நோய் பறந்துபோகிறது என்றால் அந்தப் புத்தகத்தை வைத்துவிடுங்கள். இந்த வகையில் அதிகம் காணப்படும் பொய் அதுதான். மாத்திரை சாப்பிட்டால் நடைப்பிணமாகிவிடுவாய் என்று சொல்லும் கதையும் வேண்டாம்.

அடுத்து, தன்னைத் துன்புறுத்தும் காட்சி. எப்படிச் செய்தாள் என்ற விவரம் துல்லியமாக இருந்தால் ஒதுக்குங்கள். எப்படி உணர்ந்தாள் என்பது ஆழமாக இருந்தால் எடுத்துக்கொள்ளுங்கள். உணவுக் கோளாறு பற்றிய நாவல்களில் எண்களைக் கவனியுங்கள். 'வின்டர்கேர்ள்ஸ்' (2009) இலக்கியமாக மிகச் சிறந்தது. ஆனால் பக்கத்துக்குப் பக்கம் கலோரிக் கணக்கும் எடைக் கணக்கும் வருகின்றன. ஏற்கெனவே பட்டினி கிடக்கும் பிள்ளைக்கு அது போட்டிப் பட்டியலாகிவிடும். அதைப் பொது அலமாரியில் வைக்காமல், கேட்பவரிடம் இரண்டு வார்த்தை பேசிவிட்டுக் கொடுங்கள்.

வயது: அம்மாவின் புற்றுநோயை எதிர்கொள்ளும் சிறுவனின் கதையான 'எ மான்ஸ்டர் கால்ஸ்' (2011) ஏழாவதிலிருந்தே கொடுக்கலாம். 'ஸ்பீக்', 'டர்ட்டில்ஸ்' ஒன்பதாவதுக்கு மேல். மனப்பிளவு நோயின் உள்ளே இருந்து எழுதப்பட்ட நீல் ஷஸ்டர்மேனின் 'சேலஞ்சர் டீப்' (2015) ப்ளஸ் ஒன்னுக்கு. அந்த நாவலில் இருக்கும் கோட்டோவியங்கள் நோயோடு போராடிய காலத்தில் அவர் மகன் வரைந்தவை. வாங்கினால் ஒவ்வொன்றிலும் இரண்டு பிரதி வாங்குங்கள். நண்பர்கள் சேர்ந்து படிப்பது தனியே படிப்பதைவிடப் பாதுகாப்பு.

'மனநலம்' என்று போர்டு வைத்துத் தனி அலமாரி போடவே போடாதீர்கள். அதன் முன்னால் நிற்பதை வகுப்பே பார்க்கும் என்பதால் ஒருவரும் நிற்க மாட்டார்கள். துப்பறியும் கதைக்கும் கிரிக்கெட் புத்தகத்துக்கும் நடுவே கலந்து வையுங்கள். யார் எதை எடுத்தார்கள் என்று பதிவேட்டைச் சத்தமாக வாசிக்கக் கூடாது. உள்அட்டையில் ஒரு சின்னச் சீட்டு ஒட்டுங்கள்: கதையில் வரும் கடினமான விஷயம் ஒரு வரி, 14416 ஒரு வரி. சேர்ந்து வாசிக்கும் கூட்டம் நடத்தினால் வெள்ளிக்கிழமை கடைசி பீரியடில் வேண்டாம். கலங்கிப்போகும் பிள்ளை இரண்டு நாள் யாரிடமும் பேச முடியாமல் வீட்டில் இருக்கும். செவ்வாய், புதன் நல்லது. பெற்றோருக்கு முன்கூட்டியே புத்தகப் பெயர்களோடு ஒரு பக்கக் கடிதம் கொடுத்துவிட்டால், தலைமை ஆசிரியர் பயப்படும் சண்டைகளில் முக்கால்வாசி வராது.

தமிழில் இப்படி ஏதாவது இருக்கிறதா?
– திருவான்மியூர் வாசகர்

குறைவு. இரா. நடராசனின் 'ஆயிஷா' குறுநாவலை முதலில் சொல்ல வேண்டும். கேள்வி கேட்டதற்கு அடி வாங்கும் அறிவுள்ள ஒரு பள்ளிச் சிறுமி, வலி தெரியாமல் இருக்கத் தன் உடம்பையே சோதனைக்கு உட்படுத்தும் கதை. ஆசிரியர்களும் படிக்க வேண்டும். அவர்களுக்குத்தான் அதிகம் வலிக்கும். ஆங்கிலத்தில் என்றாலும் நம் நாட்டுக் கதை, ஜெர்ரி பின்டோவின் 'எம் அண்ட் தி பிக் ஹூம்' (2012). பதின்பருவத்தினருக்கென்று எழுதப்பட்டதல்ல. மும்பையில் ஒரு சின்ன ஃபிளாட்டில், மனநோயுள்ள அம்மாவோடு வளரும் பிள்ளைகளின் வீட்டை அதுபோல் காட்டிய நாவல் அரிது.

நம் ஊரில் 'கீழ்ப்பாக்கம் கேஸ்' என்பது இன்னும் வசவு. 1794இல் தொடங்கிய ஒரு மனநல மருத்துவமனை, இன்றும் தினமும் மக்கள் குணம் தேடி வரும் இடம், வகுப்பறையில் கேலிச் சொல்லாகிக் கிடக்கிறது. அங்கே வெளிநோயாளியாகப் போய்விட்டு மறுநாள் பள்ளிக்கு வரும் ஒரு மாணவனின் கதையைத் தமிழில் யாராவது எழுத வேண்டும். நாங்கள் காத்திருக்கிறோம்.

நானே அப்படி ஒன்று எழுதிக்கொண்டிருக்கிறேன். உறவினரால் பாலியல் கொடுமைக்கு ஆளான 15 வயதுப் பெண். எங்கே தவறு வரும்?
– வளரும் எழுத்தாளர், கே.கே. நகர்

முதல் தவறு நினைவில் வரும். மனக்காயம் ஒரு கோர்வையான ஃபிளாஷ்பேக்காக நினைவுக்கு வராது. ஒரு சோப்பு வாசனை, சுவரில் காலண்டர் தேதி, மின்விசிறிச் சத்தம் என்று துண்டு துண்டாக, சம்பந்தமில்லாத நேரத்தில் வரும். நடந்த கொடுமையை மூன்று பக்கம் விவரிக்கத் தேவையே இல்லை. அதன் பின்னால் அவள் எந்த அறைக்குள் போக மறுக்கிறாள், யார் வந்தால் துப்பட்டாவை இழுத்துக்கொள்கிறாள் என்பதை எழுதுங்கள். அவள் சிரிக்கவும் வேண்டும். இருபத்து நாலு மணி நேரமும் அழும் பாத்திரம் பொய்யாகத் தெரியும்.

இரண்டாவது தவறு மருத்துவத்தில். மருத்துவரைப் பார்த்த மறுநாள் முகம் மலர்வதாக எழுதாதீர்கள். மனச்சோர்வு மாத்திரை வேலை செய்யச் சில வாரங்கள் ஆகும். முதல் நாட்களில் குமட்டலும் தூக்கக் குழப்பமும் இருக்கலாம். முதல் ஆலோசனையில் அவள் பெரும்பாலும் ஒன்றுமே சொல்ல மாட்டாள்.

மூன்றாவது, சட்டம். கதைகள் அதிகம் சறுக்குவது இங்கேதான். 'யாரிடமும் சொல்ல மாட்டேன், இது நமக்குள்' என்று டீச்சர் சத்தியம் செய்யும் காட்சி உருக்கமாக இருக்கும். ஆனால் 2012ஆம் ஆண்டின் போக்சோ சட்டப்படி, 18 வயதுக்குட்பட்டவருக்கு எதிரான இந்தக் குற்றம் தெரிந்த எவரும் காவல்துறைக்குத் தெரிவித்தே ஆக வேண்டும், மறைப்பது தண்டனைக்குரியது. நல்ல டீச்சர் என்ன சொல்வார்? "இதை நான் சிலர்கிட்ட சொல்லித்தான் ஆகணும்மா. யார்கிட்ட, எப்பன்னு உனக்குத் தெரியாம சொல்ல மாட்டேன்." இந்த வரியில் சத்தியத்தைவிட அதிக நாடகம் இருக்கிறது. வாக்குமூலம் வாங்கச் சீருடை போட்ட போலீஸ் வீட்டு வாசலில் நிற்பதாகவும் எழுதாதீர்கள். குழந்தையின் வீட்டிலோ அவள் விரும்பும் இடத்திலோ, சீருடை இல்லாமல், இயன்றவரை சப் இன்ஸ்பெக்டர் நிலைக்குக் குறையாத பெண் அதிகாரி பதிவு செய்ய வேண்டும். இரவில் எந்தக் காரணத்துக்காகவும் குழந்தையைக் காவல் நிலையத்தில் வைத்திருக்கக் கூடாது. பெண் குழந்தைக்குப் பெண் மருத்துவர்தான் பரிசோதனை செய்ய வேண்டும். நடைமுறையில் இவை மீறப்படுவதாக எழுத விரும்பினால் தாராளமாக எழுதுங்கள். மீறல் என்று வாசகருக்குத் தெரியும்படி எழுதுங்கள்.

எழுதி முடித்ததும் ஒரு ஆலோசகரிடமும், பதினாறு பதினேழு வயது வாசகர்கள் இரண்டு மூன்று பேரிடமும் கொடுங்கள். பிள்ளைகளிடம் கொடுக்கும்போது கதை எதைப் பற்றியது என்று முன்பே சொல்லிவிடுங்கள். அவர்களுடைய பெற்றோருக்கும் தெரிந்திருக்க வேண்டும்.

இந்தப் புத்தகங்கள் சென்னையில் எங்கே கிடைக்கும்? எல்லாவற்றையும் வாங்க வசதியில்லை.
– மாணவர், வியாசர்பாடி

முதலில் கோட்டூர்புரம் அண்ணா நூற்றாண்டு நூலகம். இந்தியாவில் அச்சான புத்தகம் என்றால் எழும்பூர் கன்னிமாரா. 1954ஆம் ஆண்டுச் சட்டப்படி பதிப்பாளர்கள் அங்கே ஒரு பிரதி அனுப்ப வேண்டும். ஆசிரியர் பெயரைத் தாளில் எழுதிக்கொண்டு போய்க் கேளுங்கள்; ஆங்கிலத் தலைப்பைச் சொல்லித் தேடுவதைவிட அது சீக்கிரம். சொந்தமாக வேண்டுமென்றால் ஜனவரியில் புத்தகக் காட்சி வரை பொறுங்கள், தள்ளுபடி உண்டு. நான்கு நண்பர்கள் சேர்ந்து ஆளுக்கு ஒன்று வாங்கி மாற்றிக்கொண்டால் ஒரு புத்தகத்தின் விலையில் நான்கைப் படித்துவிடலாம்.