மெக்சிகோ சினிமாவில் மிகெல் இன்க்லான் ஏன் முக்கியமான குணச்சித்திர நடிகர்?

கதாநாயகனாக இல்லாமல், கதைக்கு வேண்டிய மனிதராக மாறி நிற்பவரே குணச்சித்திர நடிகர். மெக்சிகோ சினிமாவின் பொற்காலமான 1940களில் அந்த வேலையை மிகெல் இன்க்லான் அளவுக்குச் செய்தவர்கள் குறைவு.

1948-இல் 'நோசோத்ரோஸ் லோஸ் போப்ரெஸ்' படத்தில் கஞ்சா போதைக் கொடூரன். மறு வருடமே 'சலோன் மெஹிகோ'வில், நடன விடுதிப் பெண் ஒருத்தியை மனத்துக்குள்ளேயே நேசிக்கும் சாதுவான போலீஸ்காரர். இயக்குநர் லூயிஸ் புனுவேலின் 'லோஸ் ஒல்விதாதோஸ்' (1950) படத்தில் பார்வையற்ற தெருப்பாடகர்: பையன்கள் அவருடைய மேளத்தைக் கல்லால் உடைக்கும்போது நெஞ்சு பதறும், பிறகு அவரே ஒரு சிறுமியிடம் நடந்துகொள்ளும் விதம் அருவருப்பூட்டும். என் கணக்கில் அவருடைய உச்சம் இதுதான்.

இப்படி மாற முடிந்ததற்குக் காரணம் உண்டு. நாயகனின் பிம்பத்தை ரசிகர்கள் மாற விடுவதில்லை. துணை நடிகருக்கு அந்தக் கட்டு இல்லை. ரசத்திலும் புளியோதரையிலும் இருப்பது ஒரே புளிதான், ருசி வேறு.

நாயகனாக முடியாதவர்தான் துணை நடிகர் ஆகிறார் என்பது தவறான எண்ணம்: அமெரிக்கப் பழங்குடியான அபாச்சிகளின் தலைவர் கொச்சீஸாக நடிக்க ஹாலிவுட் இயக்குநர் ஜான் ஃபோர்டு, 'ஃபோர்ட் அபாச்சி' (1948) படத்துக்கு இவரைத்தான் அழைத்தார்.