தூது: போகிறவர் பக்கம்

அன்புள்ள அக்கா,

கோலாலம்பூர் செந்தூலிலிருந்து எழுதுகிறேன். ஆறு வருடமாக டெஸ்பாட்ச் வேலை. வக்கீல் ஆபீஸ் பத்திரம், கிளினிக் மருந்து, பிறந்தநாள் கேக், எது கொடுத்தாலும் மோட்டாரில் கொண்டுபோய்ச் சேர்ப்பேன். காதலைச் சொல்லி வர எதையாவது தூது அனுப்புவதாகப் பாடும் தூது நூல்களைப் பற்றி நீங்கள் எழுதியதை ஒரு கொண்டோ (அடுக்குமாடி) வாசலில் காத்திருந்தபோது படித்தேன். கிளியை அனுப்புகிறார்கள், மேகத்தை அனுப்புகிறார்கள், நெஞ்சைக்கூட அனுப்புகிறார்கள். பாட்டு முழுக்க அனுப்பியவரின் ஏக்கம்தான். போன கிளி என்ன ஆனது என்று யாருமே சொல்லவில்லையே?

கெப்போங்கில் பதினான்காம் மாடியில் தனியாக இருக்கும் ஒரு பெரியவருக்கு மாதா மாதம் மருந்து கொண்டுபோகிறேன். பணம் கட்டுவது ஜொகூரில் இருக்கும் மகன். கதவருகே பையை வைத்துப் படம் எடுத்து அனுப்பினால் என் வேலை முடிந்தது. இப்படிப் போகிற ஆளைப் பற்றி நம் புத்தகங்களில் ஏதாவது இருக்கிறதா?

பெயர் போட வேண்டாம், அக்கா.

அன்புள்ள தம்பி,

இந்த நாட்டில் அந்தச் சொல்லை எழுதும்போது கை கொஞ்சம் தயங்குகிறது. வெள்ளைக்காரர் காலத்து ஆபீஸ்களில் கோப்பு தூக்கிக்கொண்டும் தபால் கொண்டுபோய்க்கொண்டும் இருந்த தமிழனுக்குத் 'தம்பி' என்றே பெயர். மலாய்க்காரரும் சீனரும் துரையும் அப்படித்தான் கூப்பிட்டார்கள். தலை நரைத்தவரும் தம்பிதான். நம் வீட்டு உறவுச்சொல் அடுத்தவர் வாயில் எடுபிடி வேலையின் பெயராகிப் போனது. நான் உங்களைத் தம்பி என்பது வீட்டு அர்த்தத்தில்.

உங்கள் கேள்வி நியாயமானது. 14ஆம் நூற்றாண்டில் உமாபதி சிவாசாரியார் நெஞ்சுவிடு தூது பாடினார். அதற்குப் பிறகு தமிழில் எதைத்தான் தூது விடவில்லை? கிளி, மான், காக்கை, நெல், பணம், புகையிலை. முதலில் தூது போகும் பொருளின் பெருமை, அப்புறம் தலைவனின் பெருமை, அப்புறம் நான் படும் பாடு, கடைசியில், காதலை ஏற்றதற்கு அடையாளமாக 'போய் அவன் மாலையை வாங்கி வா'. அதோடு நூல் முடிந்துவிடும். கிளி கிளம்பவே கிளம்பாது. 'இருந்தமிழே உன்னால் இருந்தேன் இமையோர் விருந்தமிழ்தம் என்றாலும் வேண்டேன்' என்று நாம் எத்தனை ஆண்டு மலர்களில் அச்சடித்திருக்கிறோம்! மதுரைச் சொக்கநாதர்மேல் காதல் கொண்ட ஒரு பெண், தனக்காகத் தூது போகச் சொல்லித் தமிழிடம் பேசும் பேச்சு அது. உ.வே. சாமிநாதையர் 1930இல் பதிப்பித்த தமிழ்விடு தூதில் 268 கண்ணிகள், அதாவது இரண்டடிப் பாட்டுகள். அவ்வளவு புகழ்ந்த பிறகும் கடைசிக் கண்ணிவரை தமிழ் அவள் எதிரில்தான் நிற்கிறது.

ஆனால் இந்த நூல்களுக்கு வெளியே போனால் உங்கள் ஆட்கள் இருக்கிறார்கள்.

புறநானூற்றில் 67ஆம் பாட்டு. பிசிராந்தையார் ஓர் அன்னச்சேவலிடம் பேசுகிறார். குமரியிலிருந்து வடமலைக்குப் பறக்கிற வழியில் உறையூர் வரும், அங்கே உயர்ந்த மாடத்தில் இளைப்பாறு, பிறகு 'வாயில் விடாது கோயில் புக்கு', அதாவது வாசலில் நிற்காமல் அரண்மனைக்குள் புகுந்து, அரசனிடம் நான் ஆந்தையின் ஆள் என்று சொல், உன் பேடை அணிய நல்ல நகை தருவான் என்கிறார். இளைப்பாற இடம், கிடைக்கப்போகும் கூலி, வாசல்காவலனிடம் நிற்காமல் உள்ளே போகும் வழி, மூன்றையும் யோசித்து அனுப்புகிறார். கொண்டோ காவலர் அறையில் அடையாள அட்டையைக் கொடுத்துவிட்டு வெயிலில் நிற்கும் உங்களுக்கு 'வாயில் விடாது' என்பதன் அருமை உரையாசிரியரைவிட நன்றாகப் புரியும்.

அனுமனைப் பற்றி நான் சொல்லப்போவதில்லை. 'கண்டனென்' என்ற சொல்லை மேடைகள் நூறு வருடமாகச் சொல்லிக்கொண்டிருக்கின்றன. நான் சொல்ல விரும்புவது கோசிகனைப் பற்றி. சிலப்பதிகாரத்தில் மாதவி இரண்டு கடிதம் எழுதுகிறாள். முதல் கடிதம் தாழை மடலில், செம்பஞ்சுக் குழம்பு தொட்டு எழுதியது. தோழி வசந்தமாலை அதைக் கொண்டுபோய்க் கூலக்கடைத் தெருவில் கோவலனிடம் நீட்டுகிறாள். அவன் வாங்க மறுக்கிறான். ஏச்சு மாதவிக்கு, கேட்டுக்கொண்டு நிற்பது வசந்தமாலை. வாடிய மனத்தோடு திரும்பி வந்து சொல்கிறாள். வாங்க மறுத்த பார்சலோடு லிப்டில் இறங்கியவருக்கு அந்த நடை தெரியும்.

இரண்டாவது கடிதத்தைக் கொண்டுபோகிறவன் கோசிகன் என்ற அந்தணன். கோவலனைத் தேடி அலைந்து, மதுரைக்குப் போகும் வழியில் ஒரு நீர்நிலைப் பக்கம் காண்கிறான். நடந்து நடந்து கோவலன் உருமாறிப் போயிருக்கிறான். இது அவன்தானா? தவறான ஆளிடம் கொடுக்கக்கூடாத கடிதம். நேராகக் கேட்கவும் கோசிகனுக்குத் தயக்கம். பக்கத்தில் வெயிலில் வாடி நின்ற மாதவிக் கொடியைப் பார்த்து, 'கோவலன் பிரிந்ததால் துயருறும் மாதவியைப் போல நீயும் இந்த வேனிலில் வாடினாயோ' என்று கோவலன் காதில் விழும்படி பேசுகிறான். கோவலன் திரும்பி, 'இப்போது என்ன சொன்னாய்?' என்று கேட்கிறான். ஆள் உறுதியாகிவிட்டது.

கடிதத்தைக் கொடுப்பதற்கு முன் கோசிகன் செய்வதைக் கவனியுங்கள். ஊரில் கண்டதைச் சொல்கிறான். மணியிழந்த நாகம்போல இருக்கும் தாய் தந்தையை, உயிர்போன உடல்போல ஆன சுற்றத்தை, நோயில் விழுந்த மாதவியை. அப்புறம்தான் மண் முத்திரையிட்ட ஓலையை நீட்டுகிறான். முத்திரையில் அவள் கூந்தலின் நெய்வாசம். படித்த கோவலன், அவள் தீதிலள், குற்றம் என்னுடையது என்று உணர்ந்து, அதே ஓலையை கோசிகனிடமே கொடுத்து என் பெற்றோரிடம் சேர்த்துவிடு, இது அவர்களுக்கும் பொருந்தும் என்கிறான். களைத்து வந்தவனுக்கு இன்னொரு தூது. இளங்கோ ஒரு கூரியரை இவ்வளவு மரியாதையோடு எழுதியிருக்கிறார்.

பிற்காலத்தில் இப்படி ஓடுகிற ஆட்களைப் பற்றி நாவலாசிரியர் ப. சிங்காரம் எழுதினார். 1938இல் மேடானுக்கு வேலைக்குப் போனவர் அவர். 'கடலுக்கு அப்பால்' நாவல் நடப்பது எங்கள் பினாங்கில், நாயகன் செல்லையா வட்டிக்கடை அடுத்தாள், அதாவது மேலாளுக்கு அடுத்த நிலை ஊழியன். பெட்டியடிப் பையனாகச் சேர்ந்து, சொன்ன இடத்துக்கெல்லாம் ஓடி, அடுத்தாளாகி, மேலாளாவதைக் கனவு கண்ட பையன்களின் உலகம் அது. கிடைத்தால் படியுங்கள்.

இனி நான் உங்களுக்காகவே வைத்திருந்த பாட்டு. சத்திமுத்தப் புலவர் மதுரையில் குளிரில் நடுங்கிக் கிடக்கிறார். மேலே நாரைகள் போகின்றன. பனங்கிழங்கைப் பிளந்தது போன்ற கூர்வாய், செங்கால். எங்கள் ஊர்க் குளத்தில் தங்குவீர்களானால், நனைந்த சுவர்க் கூரைவீட்டில் பல்லி சொல்லும் சொல்லுக்குக் காத்திருக்கும் என் மனைவியைப் பாருங்கள் என்கிறார். என்ன சொல்லச் சொல்கிறார்? நலம் என்றல்ல, பணத்தோடு வருகிறேன் என்றுமல்ல. 'கையது கொண்டு மெய்யது பொத்தி, காலது கொண்டு மேலது தழீஇ', பெட்டிக்குள் பாம்புபோல மூச்சுவிடும் 'ஏழையாளனைக் கண்டனம் எனுமே'. பார்த்தோம் என்று சொல்லுங்கள். செய்தியே அவ்வளவுதான்.

இதை நான் ஒன்பது வயதில் பார்த்தேன். எழுபதுகளின் கடைசி. 'சிதம்பரம்' கப்பல் வந்தால் லெபோ பாசார் பக்கம் ஊர்க்காரர்கள் யாராவது வருவார்கள். அடுத்த வீட்டுப் பாட்டிக்குப் படிக்கத் தெரியாது, கடிதம் வாசிக்க என்னைக் கூப்பிடுவாள். அன்று வந்தவர் அஞ்சடியில் (வீட்டு முன்நடையில்) செருப்பைக் கழற்றிவிட்டுக் கடிதத்தை நீட்டினார். நான் கையை நீட்டினேன். பாட்டி அதை வாங்கி மடியில் செருகிக்கொண்டு அவரையே பார்த்தாள். "எந்தம்பியப் பாத்தீங்களா?" பார்த்தேன் என்றார். "நடக்குறானா? யாராச்சும் புடிக்கணுமா? பல்லு இருக்கா?" அவர் ஒவ்வொன்றுக்கும் யோசித்துப் பதில் சொன்னார். திண்ணையிலிருந்து எழும்போது தூணைப் பிடித்துக்கொண்டார் என்றார். பாட்டி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். காப்பி ஆறிப்போன பிறகுதான் கடிதம் என் கைக்கு வந்தது. அதில் 'இங்கு யாவரும் நலம்' என்று இருந்தது. திரும்பிப் போகும்போது அவர் கையில் மைலோ டின்னும் நாலு புட்டி கோடாலித் தைலமும் கொடுத்தனுப்பினாள். தூணைப் பிடித்துக்கொண்டார் என்று அவர் சொன்னதற்காகத்தான் அந்தத் தைலம்.

கெப்போங் பெரியவர் வீட்டுக் கதவருகே நீங்கள் எடுக்கும் படத்தில் மருந்துப் பை இருக்கிறது, அவர் இல்லை. அடுத்த மாதம் பையைக் கீழே வைக்காமல் மணியை அழுத்திக் காத்திருங்கள், தம்பி. அவர் வந்து திறக்க எவ்வளவு நேரம் ஆகிறது, எதைப் பிடித்துக்கொண்டு வருகிறார், போன மாத மருந்து மேசையில் மிச்சம் கிடக்கிறதா என்று பாருங்கள். ஜொகூருக்குப் படத்தோடு ஒரு வரியும் அனுப்புங்கள்: அப்பாவைப் பார்த்தேன்.

அன்புடன்,
அக்கா
ஜார்ஜ்டவுன், பினாங்கு