9^(க+1) = 27^(க−1): விடை ஏன் 2 இல்லை, 5?

படிவம் 4 கூடுதல் கணிதத்தில் வந்த இந்தக் கணக்குக்குத் தனக்கு 2 வருகிறது, விடைப் பக்கத்தில் 5 என்று இருக்கிறது, எங்கே தவறு என்று ஒரு மாணவர் கேட்டிருக்கிறார். (^ அடுக்குக் குறி, க தெரியாத எண்.)

அந்த 2 எங்கிருந்து வந்தது என்று எனக்குத் தெரியும். கோலாலம்பூர் செந்தூலில் மாலை நேரத்தில் டியூஷன் எடுக்கிறேன். இந்தப் பாடம் நடக்கும்போதெல்லாம் யாராவது ஒருவர் அதே 2-ஐ எழுதிக்கொண்டு வருவார்.

9 என்பது 3^2, 27 என்பது 3^3. இதுவரை நீங்களும் சரியாகத்தான் செய்திருப்பீர்கள். அப்புறம் (3^2)^(க+1) என்பதை 3^(2க+1) என்று எழுதியிருப்பீர்கள். 2, க-வை மட்டும் பெருக்கியது, 1-ஐ விட்டுவிட்டது. வலப்பக்கமும் அப்படியே 3க−1 ஆகியிருக்கும். 2க+1 = 3க−1 என்றால் க = 2.

அடுக்கு முழுவதற்கும் அடைப்புக்குறி போட்டுப் பெருக்குங்கள்: 2(க+1) = 3(க−1). அதாவது 2க+2 = 3க−3, க = 5. இரண்டு விடையையும் கணக்கில் போட்டுப் பாருங்கள். 5 போட்டால் 9^6, 27^4 இரண்டுமே 531441. 2 போட்டால் ஒரு பக்கம் 729, மறுபக்கம் 27.

அடிமானம் (அடுக்கு ஏறி நிற்கும் எண், இங்கே 3; மலாய்ப் பாடநூலில் அசாஸ்) ஒன்றானதும் அடுக்குகளைச் சமன்படுத்தலாம் என்று எல்லோரும் சொல்வார்கள். ஏன் என்பதுதான் எனக்கு முக்கியம். அடுக்கு ஏற ஏற 3-இன் மதிப்பும் ஏறிக்கொண்டே போகும், ஒரே மதிப்புக்குத் திரும்ப வராது. ஆகவே மதிப்பு சமம் என்றால் அடுக்கும் சமம். அடிமானம் 1 என்றால் இது நடக்காது: 1^5 = 1^9, ஆனால் 5-ம் 9-ம் ஒன்றில்லை.

இன்னொரு இடத்திலும் கவனம் வேண்டும். 2^(க+3) + 2^க = 72 என்று கூட்டல் வந்தால், அடிமானம் ஒன்றுதானே என்று அடுக்குகளைக் கூட்டிவிடாதீர்கள். 2^(க+3) என்பது 8 × 2^க. ஆக மொத்தம் 9 × 2^க = 72, 2^க = 8, க = 3.

2^க = 7 போன்றதற்கு மடக்கை (logarithm) வேண்டும்; அது அதே பாடத்தில் பின்னால் வரும்.

இப்போது 4^க = 1/8 போட்டுப் பாருங்கள். −3/2 வந்தால் சரி.