கேமராவுக்கு முன்னும் பின்னும்: வாசகர் கேள்வி – பதில்

கேள்வி (அஸ்தம்பட்டி, சேலம்): 20 நிமிடக் குறும்படம் ஒன்றை நானே எழுதி, நடித்து, இயக்குகிறேன். ஏற்காட்டில் மூன்று நாள் ஷூட்டிங். ஒவ்வொரு டேக்குக்கும் மானிட்டரைப் பார்க்க ஓடியே பாதி நாள் போய்விடுகிறது. வழி உண்டா?

பதில்: டேக்கை ஓகே செய்யும் உரிமையை இன்னொருவரிடம் கொடுத்துவிடுங்கள். கதையை முழுதாக அறிந்த உதவி இயக்குநர் மானிட்டரை விட்டு நகரக் கூடாது. பார்வைத் திசை, விட்டுப்போன வசனம், கன்டினியூட்டி (ஷாட்டுக்கு ஷாட் காட்சி மாறாமல் பொருந்துவது): இதில் எது பிசகினாலும் "ஒன் மோர்" சொல்ல அவர் தயங்கக் கூடாது. அவர் ஓகே சொன்ன டேக்கை மட்டும், ஷாட் முடிந்தபின் பாருங்கள். லைட்டிங்குக்கும் ஃபோகஸுக்கும் உங்கள் உயரமுள்ள ஒருவரை நிறுத்தி, தரையில் டேப் ஒட்டிக்கொள்ளுங்கள்.

எதிரே நடிப்பவரின் குளோசப்பை முதலில் எடுங்கள், உங்களுடையது கடைசியில். இயக்குநரே நடிக்கும்போது வரும் பெரிய குறை, எதிராளி பேசுவதைக் கேட்காமல் அவர் நடிப்பைக் கவனித்துக்கொண்டிருப்பதுதான். கண்ணில் அது அப்பட்டமாகத் தெரியும். சிலருக்கு அடுத்தவர் வசனத்துக்கு உதடும் அசையும். எடிட்டிங்கில் இதற்கு மருந்தே இல்லை. அவருடைய குளோசப் கைக்கு வந்துவிட்டால் நிம்மதியாகக் கேட்டு நடிக்கலாம்.

ஏற்காட்டில் கன்டினியூட்டியைக் கெடுப்பது மூடுபனி. பனி சூழ்ந்திருக்கும்போதே வைடு ஷாட்டை முடித்துவிடுங்கள். பின்னணி தூரத்தில் இருந்தால்தான் பனி வந்ததும் போனதும் தெரியும். குளோசப்புக்கு, காபித் தோட்டத்துச் சில்வர் ஓக் மரமோ சுவரோ ஐந்தாறு அடி பின்னால் இருக்கட்டும். பனி கலைந்தாலும் காட்சி ஓரளவு ஒட்டும். வெயில் விழுந்தால் மேலே வெள்ளைத் துணி பிடியுங்கள்.

குளிரில் நெடுநேரம் இருந்த கேமராவைச் சூடான அறைக்குள் கொண்டுபோனதும் பையைத் திறந்தால் லென்ஸில் நீர் பூத்துவிடும். அரைமணி நேரம் மூடியே இருக்கட்டும். டியூப்லைட் எரியும் அறையில் ஷட்டர் வேகத்தை 1/50 நொடியில் வையுங்கள். நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், 1/60 வைத்தால் காட்சி மினுக்கும். ஒவ்வொரு லொகேஷனிலும் எல்லோரையும் பேசாமல் நிற்கவைத்து ஒரு நிமிடம் சூழல் ஒலியைப் பதிவு செய்யுங்கள். டப்பிங்கின்போது அதன் அருமை தெரியும்.

கேள்வி (சூரமங்கலம்): இயக்கிக்கொண்டே நடித்தவர்கள் நம் சேலத்தில் உண்டா?

பதில்: 1935-ல் இங்கே மாடர்ன் தியேட்டர்ஸ் படநிறுவனத்தைத் தொடங்கிய டி.ஆர்.சுந்தரமே உண்டு. 'சுலோச்சனா' படத்தை இயக்கியதோடு இந்திரஜித்தாகவும் நடித்தார்.

கேள்வி (ஓமலூர்): படத்தை யூடியூபில் ஏற்றிவிட்டு விழாக்களுக்கு அனுப்பலாமா?

பதில்: அவசரப்படாதீர்கள். முதல் திரையிடல் தங்களிடமே நடக்க வேண்டும் என்று கேட்கும் விழாக்கள் பல; பொதுவில் ஏற்றிய பிறகு அழித்தாலும் அந்தத் தகுதி திரும்பாது. கடவுச்சொல் போட்ட லிங்க்கை அனுப்புங்கள், ஆங்கில சப்டைட்டிலோடு. காட்சியில் டீக்கடை ரேடியோவில் சினிமாப் பாட்டு ஓடினால்கூட அனுமதி வேண்டும். பாட்டை உருவாக்கியவர்களின் உரிமை வேறு, ஒலிப்பதிவின் உரிமை வேறு. இரண்டுக்கும் எழுத்தில் வாங்க வேண்டும். முடியாவிட்டால் ஷூட்டிங்கிலேயே ரேடியோவை அணைத்துவிட்டு, உங்கள் இசையமைப்பாளரிடம் ஒரு பாட்டு வாங்கிப் பின்னால் சேருங்கள்.